இருநூற்றுப் பதினோராம் பக்கம்

கதவில் தோகாஷி என்று இருந்தது.
அதற்குமேல் உங்களைப் பற்றி
எங்கள் கம்பெனிக்குத் தெரிந்தவை:
அறை, ஆறு தத்தாமி.
நாள், நாற்பத்தொன்று.
நாள் கூடினால் கட்டணம் கூடும்.

இரட்டைக் கையுறை, முகமூடி, ஓசோன் இயந்திரம்.
நித்தா-சான் வழக்கம்போலத் தலை தாழ்த்தி
"தொந்தரவுக்கு மன்னிக்கணும்" என்றார்
படுக்கை விரித்திருந்த இடத்தைப் பார்த்து.
நான் ஜன்னல் பக்கம் போய்விட்டேன்.
அங்கேதான் புத்தகங்கள் இருந்தன.

சுவரை மறைத்து அடுக்கிய பாக்கெட் பதிப்புகள்.
எல்லாம் கொலை.
இரவு ரயிலில் கொலை, கால அட்டவணையால் துலங்குவது.
பனி வழியடைத்த வெந்நீரூற்று விடுதியில் கொலை.
ஷின்ஜுகுவில் மதுக்கடை மாடிப்படியில்,
அடுக்குமாடிக் குடியிருப்பின் குப்பை அறையில்,
இன்சூரன்சுக்காக, கந்துக்கடனுக்காக,
மேல்வீட்டுச் சலவை இயந்திரச் சத்தத்துக்காக.
கறை படாதவற்றைத் தனியே கட்டினேன்.
எடைக்குத்தான் போகும்.

ஒன்று கை நழுவி விழுந்து திறந்தது.
நூறாம் பக்க ஓரத்தில், பென்சிலில்,
எறும்பு எழுத்தில் ஒரு பெயர்.
கடைசிப் பக்கத்தில் ஒரு பெருக்கல் குறி.
இன்னொன்றை எடுத்தேன். நூறாம் பக்கம், பெயர்.
கடைசியில் பெருக்கல்.
பள்ளிக்கூட வாத்தியார் மாதிரி
உங்களுக்கு நீங்களே திருத்திக்கொண்டிருக்கிறீர்கள்.

தோகாஷி-சான், நீங்கள் ரொம்ப மோசம்.
முந்நூற்றுச் சொச்சத்தில் வட்டம் பதினேழு.
எடுத்ததற்கெல்லாம் மாமனாரையே சந்தேகித்திருக்கிறீர்கள்.
ஒரு கதையில் துப்பறிகிறவரையே.
முகமூடிக்குள் சிரித்துவிட்டேன்.
நித்தா-சான் திரும்பிப் பார்த்தார்,
ஒன்றும் கேட்கவில்லை.

மேஜையில் ஒன்று குப்புறக் கிடந்தது.
பக்கம் இருநூற்றுப் பதினொன்று.
பெயர் இருந்தது. குறி இல்லை.

இறந்தவர் வீட்டிலிருந்து
ஒரு குண்டூசியும் எடுக்கக் கூடாது:
விதிப் புத்தகத்தின் முதல் வரி.
பையில் போட்டு ஜிப்பை இழுத்தேன்.

மூன்று நாள், ஜோபான் ரயிலில், போக வர.

அந்தக் கதையில் மூன்றாம் பக்கத்திலேயே ஒருவன் சாகிறான்.
ஐந்தாம் பக்கத்தில் தெருவே கூடிவிடுகிறது.
இரண்டு பேர் வீடு வீடாய்ப் போகிறார்கள்,
நல்ல மழை, குடை ஒன்றுதான்,
கடைசியாக எப்போது பார்த்தீர்கள் என்று கேட்டுக்கொண்டு.
எதிர்வீட்டுக்காரி திரைச்சீலையின் நிறத்தைச் சொல்கிறாள்.
பேப்பர் போடுகிறவன்
செவ்வாயா புதனா என்று தலையைச் சொறிகிறான்.
செத்தவன் கடைசியாகச் சாப்பிட்ட சோபா நூடுல்ஸ்
எந்தக் கடையுடையது என்பதற்கு
ஓர் அத்தியாயம் முழுக்க.

உங்கள் மேஜையிலும் ஒரு கோப்பை இருந்தது,
பாதி குடித்து, மேலே தோல் கட்டி.
நான்தான் கழுவினேன்.
எந்தக் கடைத் தேயிலை என்று பார்க்கவில்லை.

உங்களைக் கண்டுபிடித்தவர்
எரிவாயு மீட்டரை மாற்ற வந்தவர்.
கையெழுத்து வாங்கிக்கொண்டு போய்விட்டாராம்.
யாரும் உங்களைக் கொல்லவில்லை.
அதனால் யாருக்கும் கேள்வி இல்லை.

நீங்கள் எழுதியிருந்தது ரயில் நிலையக் கடைப் பெண்ணை.
பாவம், அவளுக்கு ஒன்றும் தெரியாது.
கொன்றது பல் மருத்துவர்.
முந்நூற்று நாற்பதாம் பக்கத்தில்
மழை விட்டதும் ஒப்புக்கொள்கிறார்.

காஷிவா தாண்டியிருந்தது.
பக்கத்தில் டியூஷன் பையோடு ஒரு பையன்,
மடியில் கணக்கு நோட்டு.
பென்சில் கேட்டேன். நிமிராமலே கொடுத்தான்.

ரயில் ஆடியது. கோணலாய்த்தான் வந்தது,
ஆனாலும் வட்டம்.
ஒரு திருட்டு, ஒரு பொய்ச்சாட்சி,
ஒரே வாரத்தில்.

பையன் எட்டிப் பார்த்தான்.
"எத்தனை சரி?"

பதினெட்டு என்றேன்.